தந்தை வகுத்த வழி

தந்தை தேடிய பொருளைக் காப்பவர் பலர்; தந்தை தொடங்கிய தொழிலை வளர்ப்பவர் சிலரே. அச்சிலருள் ஒருவர் இரகுபதி பிரகாசர்.

இவர்தம் தந்தையார் வெங்கையா, மசூலிப்பட்டினத்தினின்று சென்னைக்கு வந்து நிழற்படக் கலைஞராக விளங்கியவர். படத்தோடு இசைத்தட்டின் ஒலியை இணைக்கும் பொறியொன்றை வாங்கிக் கூடாரம் அமைத்து ஊர்தோறும் படம் காட்டினார். இலங்கைக்கும் பர்மாவிற்கும் சென்றார். 1914-ஆம் ஆண்டில் சென்னையில் கெயிட்டி என்னும் திரையரங்கை எழுப்பினார். அவ்வளவில் அமையாது, படமெடுக்கும் கலையைக் கற்றுவருமாறு மைந்தரை மேனாட்டிற்கு அனுப்பினார்.

பிரகாசர் கற்றுத் திரும்பியபின், 'ஸ்டார் ஆஃப் தி ஈஸ்ட்' என்னும் நிறுவனம் தோன்றியது. புரசைவாக்கத்தில் கண்ணாடியால் படப்பிடிப்பு நிலையம் அமைந்தது. அக்காலத்தில் கதிரவன் ஒளியே படத்திற்கு விளக்கு. அவ்வொளி உள்ளே இறங்கக் கண்ணாடி வேண்டியதாயிற்று. பிரகாசர் இயக்கிய 'பீஷ்மப் பிரதிக்ஞை' 1921-இல் வெளிவந்தது. தந்தையின் பொருட்டு அரசுரிமையைத் துறந்த மைந்தனின் கதை அது.

ஆயின், படத்தொழில் பெரும்பொருளை விழுங்கியது. திரையரங்குகள் கைவிட்டுப் போயின, நிறுவனமும் நிலைக்கவில்லை. எனினும் பிரகாசர் மனம் தளர்ந்தாரல்லர். பிறர் நிறுவனங்களிற் சேர்ந்து படங்களை இயக்கினார். இளைஞர்க்குத் தொழில் பயிற்றினார். அவரிடம் பயின்ற சி. புல்லையா பின்னாளில் தெலுங்குப் பேசும்பட உலகில் பெரும்புகழ் எய்தினார்.

தந்தையார் 1941-இலும் மைந்தர் 1956-இலும் மறைந்தனர். அவர்கள் ஈட்டிய செல்வம் எஞ்சவில்லை. தென்னாட்டில் அவர்கள் ஊன்றிய கலையோ தழைத்தது. மரபுச் செல்வமாவது பொருளன்று, தளராது தொடரும் உழைப்பே என்பதை இவர் வரலாறு உணர்த்துகின்றது.