காலணி, குடியுரிமை, சாதி: பொன்னுத்தம்பி லப்போர்த்தின் வாழ்வை நாம் எவ்வாறு வாசிப்பது?

1873-ஆம் ஆண்டின் தொடக்கத்தில், பிரெஞ்சு ஆட்சியிலிருந்த புதுச்சேரியில், ஒரு தமிழ் வழக்கறிஞர் ஐரோப்பிய பாணிக் காலணி அணிந்து நீதிமன்றத்திற்குள் நுழைந்தார். ஐரோப்பியர் அணிந்தால் இயல்பாகக் கருதப்பட்ட காலணி, இந்தியர் அணிந்தபோது நீதிமன்ற அவமதிப்பாகியது. அவர் தண்டிக்கப்பட்டார். அவர்தான் பொன்னுத்தம்பிப் பிள்ளை. புதுச்சேரி வரலாறு அவரைச் சமத்துவத்தின் முன்னோடி எனப் போற்றுகிறது. மூலக்குளம், வில்லியனூர், பாகூர் வட்டாரங்களின் சேரிகளிலிருந்து அவ்வரலாற்றைப் படிக்கும் நமக்கோ வேறொரு கேள்வியும் எழுகிறது. ஊர்த்தெருவில் செருப்பைக் கையில் எடுத்து நடக்குமாறு கட்டாயப்படுத்தப்பட்ட மக்களுக்கு இந்தக் காலணி வழக்கு எதைத் தந்தது?

பின்னணியைப் பார்ப்போம். 1819-ஆம் ஆண்டின் ஆணை, இந்தியர்கள் இந்துவாயினும் கிறித்தவராயினும் இசுலாமியராயினும் அவரவர் சாதி வழக்கங்களின்படியே நீதி பெறுவர் என வகுத்தது. மனித உரிமைப் பிரகடனம் பிறந்த நாட்டின் அரசு, கடல் கடந்து வந்ததும் சாதிக்குச் சட்டக் காவல் நின்றது. நிலமுடைய சாதிகளுக்கு இது சலுகைகளின் பாதுகாப்பாக அமைந்தது. சேரிக்கோ பழைய தளைகள் மீது வைக்கப்பட்ட அரசு முத்திரையாயிற்று.

பொன்னுத்தம்பி வேளாளர், பிரெஞ்சுச் சட்டம் கற்றவர். சாதி அவரை இழிவுபடுத்தவில்லை, நிறம்தான் இழிவுபடுத்தியது. இந்த வேறுபாட்டை மறைத்துவிட்டு அவரைக் கொண்டாடுவது நேர்மையாகாது. ஆயினும் அவர் பணிந்துபோகவில்லை என்பதும் உண்மை. உள்ளூர்த் தீர்ப்பை ஏற்காமல் பாரீசிலுள்ள உச்ச மேல்முறையீட்டு மன்றத்தை அவர் நாடினார். அங்கே அவருக்காக வாதாடியவர் ஜூல் கொதேன். பின்னாளில் பிரெஞ்சிந்தியாவின் பிரதிநிதியாக நாடாளுமன்றம் சென்றவர். தண்டனை நீக்கப்பட்டது. ஒடுக்குமுறையின் அன்றாட முகம் உள்ளூர் நீதிபதியாக இருக்கும்போது, அவருக்கு மேலே ஒரு மன்றம் இருப்பது எத்தனை இன்றியமையாதது என்பதற்கு இவ்வழக்கு சான்று. அம்மன்றத்தை எட்டுவதற்கு மொழியும் பணமும் தொடர்புகளும் தேவைப்பட்டன என்பதற்கும் அதுவே சான்று.

1881 செப்டம்பர் 21-ஆம் நாள் ஆணை அடுத்த கட்டத்தைத் திறந்தது. சாதி, சமய வழக்கச் சட்டத்தைத் துறக்கும் இந்தியர் பிரெஞ்சுச் சிவில் சட்டத்தின் கீழ் வரலாம். அதற்கு ஒரு குடும்பப் பெயரைத் தேர்ந்தெடுக்க வேண்டும். துறப்பைத் திரும்பப் பெற இயலாது. முதலில் துறந்தவர்களுள் ஒருவரான பொன்னுத்தம்பி சூட்டிக்கொண்ட பெயர் லப்போர்த். பிரெஞ்சில் அதன் பொருள் கதவு.

அந்தக் கதவு வழியே உள்ளே சென்றவர்கள் யார் என்பதே நமக்கு முதன்மையான செய்தி. உயர்த்தப்பட்ட சாதியினரில் மிகச் சிலரே துறந்தனர். ரெனோன்சான்கள் எனப்பட்ட துறப்பாளர்களில் பெரும்பகுதியினர் தலித்துகளும் கிறித்தவர்களுமே. இழக்கச் சாதிப் பெருமை இல்லாதவர்கள் சாதிச் சட்டத்தை உதறத் தயங்கவில்லை. சண்முக வேலாயுத முதலியார் தலைமையில் சாதி இந்துக்கள் இதை எதிர்த்தனர். 1884-இல் துறப்பாளர்களுக்கெனத் தனி வாக்காளர் பட்டியல் உருவானது. 1899-இல் அது நீக்கப்பட்டது. சட்டம் தந்த சமத்துவத்தை அரசியல் எவ்வளவு எளிதில் சுருக்கிவிடும் என்பதை அந்தப் பதினைந்து ஆண்டுகள் காட்டுகின்றன.

உள்ளூரில் அடைபட்ட வழியைப் பலர் கடலுக்கு அப்பால் தேடினர். சைகோனிலும் கொச்சின்சீனாவின் பிற பகுதிகளிலும் எழுத்தர்களாகவும் காவலர்களாகவும் வரி வசூலிப்பவர்களாகவும் படைவீரர்களாகவும் பணியாற்றினர். அங்கும் ஐரோப்பியருக்கு நிகரான ஊதியத்திற்கும் உரிமைக்கும் போராட வேண்டியிருந்தது. எனினும் பரம்பரைத் தொழிலிலிருந்தும் சாதிப் பட்டத்திலிருந்தும் விலகிய தலைமுறைகள் உருவாயின.

போகாதவர்கள் எங்கே நின்றனர்? பாகூரின் ஏரிப் பாசன வயல்களில் நாற்று நட்டவர்களுக்குப் புதிய குடும்பப் பெயர் நிலத்தைத் தரவில்லை. துறப்பு என்பது ஒவ்வொருவரும் பதிவேட்டில் தனித்தனியே செய்த செயல். சாதியோ கூட்டாக இயங்கும் அமைப்பு. 1956-இல் நாகபுரியில் அண்ணல் அம்பேத்கர் இலட்சக்கணக்கானோருடன் பௌத்தம் ஏற்றபோது இந்த இடைவெளியைத்தான் கடக்க முயன்றார் என நாம் கருதுகிறோம். வெளியேறுதல் அங்கே மக்கள் இயக்கமாயிற்று.

ஆகவே பொன்னுத்தம்பியை விடுதலை வீரராக வழிபடவும் வேண்டாம். வேளாளர் என்பதற்காக ஒதுக்கவும் வேண்டாம். தன் மானத்திற்காக அவர் தொடுத்த வழக்கு, அவர் எண்ணியிராதவர்களுக்கும் பயன்பட்டது. அதைப் பயன்படுத்தியவர்கள் சேரி மக்கள். அந்தத் துணிவும் அவர்களுடையதே. சட்டம் பயிலும் நம் மாணவர்கள் லப்போர்த்தின் பெயரோடு, பெயர் பதிவாகாத அந்தத் துறப்பாளர்களின் வரலாற்றையும் எழுத வேண்டும். அது இன்னும் எழுதப்படாமலேயே கிடக்கிறது.