அதிகாரம் இருக்கா, இல்லையா? கேள்வி கேட்டார்... ஆனா கையெழுத்தும் போட்டார்! முதல் குடியரசுத் தலைவர் ராஜேந்திர பிரசாத்தின் கதை

ஜனவரி 26. டெல்லி கடமைப் பாதையில் பீஷ்மா, அர்ஜுன் டாங்கிகள் வரிசையாக வருகின்றன. மேடைக்கு நேராக வந்ததும் குடியரசுத் தலைவருக்கு வணக்கம் வைக்கின்றன. நம்ம ஆவடி கனரக வாகனத் தொழிற்சாலையில் உருவாகும் டாங்கிகள்தான் இவை. ஆவடி, அம்பத்தூர், பூந்தமல்லி பக்கம் பலருக்கு, டிவியில் இதைப் பார்க்கும்போது ஒரு தனி சந்தோஷம் வரும்.

இந்த வணக்கத்தை முதன்முதலில் ஏற்றுக்கொண்டவர் யார்? பீகார் கிராமம் ஒன்றில் பிறந்து, ஆஸ்துமாவோடு வாழ்ந்து, கதர் அணிந்த ஒரு வழக்கறிஞர். பெயர் டாக்டர் ராஜேந்திர பிரசாத். முப்படைகளின் தலைவர் என்ற பட்டம் அவருக்கு இருந்தது. ஆனா அந்தப் பதவிக்கு உண்மையில் எவ்வளவு அதிகாரம் என்று அன்று யாருக்குமே முழுத் தெளிவு இல்லை. அதற்கான விடை அவர் நடந்துகொண்ட விதத்தில்தான் உருவானது.

எப்படி? பார்க்கலாம்.

யார் இந்த ராஜேந்திர பிரசாத்?

1884 டிசம்பர் 3 அன்று பீகாரின் ஜீராதேய் கிராமத்தில் பிறந்தார். இன்று அது சிவான் மாவட்டத்தில் இருக்கிறது. சின்ன வயசில் ஒரு மௌல்வியிடம் பாரசீகம் படித்தார். அந்தக் கால வழக்கப்படி சுமார் 12 வயதிலேயே ராஜவன்ஷி தேவியுடன் திருமணம்.

படிப்பில் கெட்டிக்காரர். 1902-ல் கல்கத்தா பல்கலைக்கழக நுழைவுத் தேர்வில் முதலிடம். மாதம் 30 ரூபாய் உதவித்தொகை கிடைத்தது. கல்கத்தா மாநிலக் கல்லூரியில் படித்து, கொஞ்ச காலம் ஆசிரியராக இருந்து, பிறகு சட்டம் படித்தார். 1916-ல் பாட்னா உயர் நீதிமன்றம் தொடங்கியபோது அங்கே மாறினார். தொழில் அமோகமாக நடந்தது.

காந்தியிடம் தீட்டு பார்த்த வீடு

1917-ல் சம்பாரணில் அவுரி பயிரிட்ட விவசாயிகளின் கஷ்டத்தைப் பார்க்க காந்தி பீகார் வந்தார். பாட்னாவில் அவரை முதலில் அழைத்துப் போன இடம் ராஜேந்திர பிரசாத்தின் வீடு. ஆனா வீட்டுக்காரர் ஊரில் இல்லை. வந்தவர் என்ன சாதியோ என்று யோசித்த வேலைக்காரர்கள், கிணற்றிலும் கழிப்பறையிலும் தீட்டு பார்த்தார்கள்.

விஷயம் தெரிந்து பிரசாத் சம்பாரணுக்கு ஓடினார். அங்கே வந்திருந்த வக்கீல்கள் ஆளுக்கொரு சமையல்காரரை வைத்து, தனித்தனியாகச் சமைத்துச் சாப்பிட்டார்கள். காந்தி அதை மாற்றினார். எல்லாருக்கும் ஒரே சமையல், வேலைக்காரர்கள் வேண்டாம். சாதிக் கட்டுப்பாட்டில் வளர்ந்த பிரசாத்தும் அதை ஏற்றுக்கொண்டார்.

அங்கே அவருடைய வேலை மேடைப் பேச்சு இல்லை. விவசாயிகள் சொல்வதைக் கேட்டு, குறுக்கு விசாரணை செய்து, சரிபார்த்து வாக்குமூலமாக எழுதுவது. நிலத்தில் 20-ல் 3 பங்கில் அவுரிதான் போட வேண்டும் என்ற கட்டாய முறை 1918-ல் சட்டம் போட்டு ஒழிக்கப்பட்டது. நிதானமாகக் கேட்பது, ஆதாரத்தோடு பேசுவது என்ற பழக்கம் கடைசி வரை அவரோடு இருந்தது.

1920-ல் ஒத்துழையாமை இயக்கம் வந்தபோது வக்கீல் தொழிலையே விட்டுவிட்டார்.

நிலநடுக்கம் காட்டிய நிர்வாகி

1934 ஜனவரி 15. பீகாரை உலுக்கிய பெரும் நிலநடுக்கம். அப்போது பிரசாத் சிறைக் கைதி, உடம்பும் சரியில்லை. 2 நாளில் விடுதலையானவர் நேராக நிவாரண வேலையில் இறங்கினார். அவர் தலைமையில் அமைந்த குழுவுக்கு நாடு முழுவதும் இருந்து பணம் குவிந்தது. 38 லட்சம் ரூபாய்க்கு மேல் சேர்ந்ததாகக் கணக்கு.

பொதுப்பணம் என்றால் கணக்கு சுத்தமாக இருக்க வேண்டும் இல்லையா? அந்தப் பொறுப்புக்கு வந்தவர் ஒரு தமிழர். தஞ்சாவூரில் பிறந்த ஜே.சி. குமரப்பா. கணக்கில் கறார் மனிதர். அவருக்கு முழு சுதந்திரம் கொடுத்தது பிரசாத்தின் தலைமைக் குணம்.

அதே ஆண்டு பம்பாய் காங்கிரஸ் மாநாட்டுக்கு அவர் தலைவரானார். 1939-ல் சுபாஷ் சந்திர போஸ் ராஜினாமா செய்தபோதும், 1947-ல் கிருபளானி விலகியபோதும், கட்சி கூப்பிட்டது இவரைத்தான். சண்டை முற்றும்போது இரண்டு பக்கமும் நம்பும் ஆள் என்று பெயர். நடுவில் 1942-ல் கைதாகி, கிட்டத்தட்ட 3 ஆண்டுகள் பாங்கிப்பூர் சிறையில் இருந்தார்.

அரசியலமைப்பை வழிநடத்தியவர்

அரசியலமைப்பு என்றதும் அம்பேத்கர் பெயர் நினைவுக்கு வரும். அவர் வரைவுக் குழுவின் தலைவர். முழு அவைக்கும் தலைவராக 1946 டிசம்பர் 11-ல் தேர்வானவர் ராஜேந்திர பிரசாத்.

வேலை முடிய 3 ஆண்டுகளுக்கு சற்றுக் குறைவான காலம் ஆனது. கொண்டுவரப்பட்ட திருத்தங்கள் 7,635. இதில் 2,473 திருத்தங்கள் அவையில் முன்மொழியப்பட்டன. எல்லாரையும் பேசவிட வேண்டும், அவையும் நகர வேண்டும். அதுதான் அவருக்கு இருந்த சவால்.

பெரிய புயல் 1949 செப்டம்பரில் வந்த மொழி விவாதம். பிரசாத் தனிப்பட்ட முறையில் இந்தி ஆதரவாளர். ஆனா தலைவர் நாற்காலியில் இருந்து தென்னிந்திய உறுப்பினர்களின் கடும் எதிர்ப்பையும் கேட்க வேண்டியிருந்தது. முடிவில் என். கோபாலசாமி அய்யங்கார், கே.எம். முன்ஷி உருவாக்கிய சமரசம் ஏற்கப்பட்டது. இந்தி ஆட்சிமொழி, 15 ஆண்டுகளுக்கு ஆங்கிலமும் தொடரும் என்பது அதன் சாரம்.

ராஜாஜிக்குப் போயிருக்க வேண்டிய பதவியா?

அப்போது கவர்னர் ஜெனரலாக இருந்தவர் நம்ம ராஜாஜி. அவரே முதல் குடியரசுத் தலைவராகத் தொடரட்டும் என்பது நேருவின் விருப்பம். ஆனா 1942 வெள்ளையனே வெளியேறு போராட்டத்தில் ராஜாஜி சேரவில்லை என்ற கோபம் கட்சிக்காரர்களிடம் தணியவே இல்லை. படேலின் ஆதரவும் பிரசாத் பக்கம் சாய்ந்தது. 1950 ஜனவரி 24-ல் போட்டியின்றித் தேர்வானார்.

பதவியேற்புக்கு முந்தைய இரவு ஒரு இடி. தாய் போல வளர்த்த அக்கா பகவதி தேவி இறந்துபோனார். மறுநாள் காலை பதவியேற்பு, மதியம் குதிரை வண்டியில் ஊர்வலம், இர்வின் ஸ்டேடியத்தில் அணிவகுப்பு. எல்லாவற்றையும் முடித்த பிறகே இறுதிச் சடங்குக்குப் போனார். நாட்டின் முதல் குடியரசு நாள், வீட்டில் துக்க நாள்.

நேருவுடன் மோதல் ஏன்?

இங்கேதான் அந்த முக்கியமான கேள்வி வருகிறது. அமைச்சரவை சொல்வதற்கு எல்லாம் குடியரசுத் தலைவர் கையெழுத்துப் போட்டே ஆகணுமா? அரசியலமைப்பில் அப்போது அது வெளிப்படையாக எழுதப்படவில்லை.

1951-ல் இந்து சட்ட மசோதா வந்தது. பெண்களுக்கு சொத்துரிமை, விவாகரத்து உரிமை போன்றவை அதில் பேசப்பட்டன. பிரசாத்துக்கு அதில் உடன்பாடு இல்லை. மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுக்கும் நாடாளுமன்றம் வரட்டும், அதுவரை அவசரம் வேண்டாம் என்பது அவர் வாதம். மசோதா தன்னிடம் வந்தால் சொந்தமாக யோசித்தே முடிவெடுப்பேன் என்று நேருவுக்கு எழுதினார்.

நேரு சட்ட ஆலோசனை கேட்டார். அட்டர்னி ஜெனரல் செதல்வாட், சென்னையின் புகழ்பெற்ற வழக்கறிஞர் அல்லாடி கிருஷ்ணசாமி அய்யர் இருவரும் சொன்னது ஒரே பதில்: அமைச்சரவையின் ஆலோசனைதான் இறுதி.

பிரசாத் என்ன செய்தார்? கருத்தை மாற்றிக்கொள்ளவில்லை. மோதலை நெருக்கடியாக்கவும் இல்லை. 1952 தேர்தலுக்குப் பிறகு, இந்து திருமணச் சட்டம் 1955-லும் வாரிசுரிமைச் சட்டம் 1956-லும் தனித்தனியாக நிறைவேறின. இரண்டுக்கும் கையெழுத்துப் போட்டார்.

அதற்காக எல்லாவற்றுக்கும் தலையாட்டினார் என்று சொல்ல முடியாது. 1951-ல் நேரு வேண்டாம் என்று சொல்லியும் சோம்நாத் கோயில் விழாவுக்குப் போனார். 1960 நவம்பரில் டெல்லியில் பேசியபோது, குடியரசுத் தலைவரின் அதிகாரம் பிரிட்டிஷ் மன்னரின் அதிகாரம் போன்றதுதானா என்று ஆராயச் சொன்னார். கேள்வி பகிரங்கமாக வந்தது. ஆனா பதவியை வைத்து மோதிப் பார்க்கவில்லை.

கையெழுத்துக்கு விலையும் உண்டு

இந்தக் கட்டுப்பாட்டுக்கு இன்னொரு பக்கமும் இருக்கு. 1959-ல் கேரளாவில் ஈ.எம்.எஸ். அரசைக் கலைத்த உத்தரவிலும் அவர் கையெழுத்து இருக்கிறது. 1960 ஏப்ரலில் ஆட்சிமொழி தொடர்பான குடியரசுத் தலைவர் உத்தரவு வந்தபோது தமிழ்நாடு கொதித்தது. சென்னை வரும் அவருக்குக் கறுப்புக்கொடி காட்ட திமுக தயாரானது. ஈ.வெ.கி. சம்பத்துக்கு நேரு உறுதிமொழிக் கடிதம் எழுதிய பிறகே அது கைவிடப்பட்டது. முடிவு எடுத்தது மத்திய அரசு, பெயர் குடியரசுத் தலைவருடையது.

மற்ற நாடுகளில் என்ன நடந்தது?

1950 குடியரசு தின விழாவுக்கு வந்த சிறப்பு விருந்தினர் இந்தோனேசியாவின் முதல் அதிபர் சுகர்ணோ. 1963-ல் அவர் ஆயுட்கால அதிபராக அறிவிக்கப்பட்டார், சில ஆண்டுகளில் பதவி பறிபோனது. கானாவின் முதல் அதிபர் இன்குருமாவும் 1964-ல் ஆயுட்கால அதிபரானார். 1966-ல் ராணுவம் அவரைக் கவிழ்த்தது.

பிரசாத் 1952, 1957 தேர்தல்களில் பெரும் வித்தியாசத்தில் ஜெயித்தவர். இரண்டு முறை குடியரசுத் தலைவராகத் தேர்தலில் வென்ற ஒரே ஆள் இன்றுவரை அவர்தான். 1962 மே மாதம் பதவிக்காலம் முடிந்ததும் பாட்னாவின் சதாகத் ஆசிரமத்துக்குத் திரும்பிவிட்டார். அதே ஆண்டு பாரத ரத்னா கிடைத்தது, மனைவியும் இறந்தார். 1963 பிப்ரவரி 28 அன்று 78 வயதில் காலமானார்.

இன்று ஏன் இது முக்கியம்?

அவர் எழுப்பிய கேள்விக்கு 1976-ல் 42-வது திருத்தம் பதில் எழுதியது: அமைச்சரவை ஆலோசனை கட்டாயம். 1978-ல் 44-வது திருத்தம், ஒருமுறை மறுபரிசீலனைக்குத் திருப்பி அனுப்பலாம் என்று சேர்த்தது. கேள்வி கேட்கும் உரிமை உண்டு, தடுக்கும் அதிகாரம் இல்லை. பிரசாத் 12 ஆண்டுகள் பெரும்பாலும் நடந்துகாட்டியதும் இதைத்தான்.

தமிழ்நாட்டில் ஆளுநர், மசோதா, கையெழுத்து என்று செய்தி வரும்போதெல்லாம் திரும்பி வருவது அதே பழைய கேள்வி. நியமனத்திலோ மறைமுகத் தேர்தலிலோ வந்தவர், மக்கள் தேர்ந்தெடுத்த அரசுக்கு முன்னால் எவ்வளவு தூரம் போகலாம்?

பிரசாத்துக்கு அடுத்து அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர், 10 ஆண்டுகள் அவருக்குத் துணைத் தலைவராக இருந்த சர்வபள்ளி ராதாகிருஷ்ணன். அம்பத்தூர், ஆவடி வழியாகப் போகும் ரயில் பாதையில் இருக்கும் திருத்தணிதான் அவருடைய ஊர். எந்தச் சண்டையும் இல்லாமல் பதவி கை மாறியது. இன்று நமக்கு அது சாதாரண விஷயமாகத் தெரிகிறது. அப்படித் தெரிய வைத்ததில் முதல் ஆளுக்குப் பெரிய பங்கு உண்டு.