சாப்பாட்டுக்கு நீதி கேட்ட ரேமண்ட் போஸ்ட்கேட்

ஓட்டலில் சாப்பிட்டுவிட்டு, "வாயில் வைக்க முடியவில்லை" என்று முணுமுணுத்தபடியே பில்லைக் கட்டிவிட்டு வெளியே வருகிறவர்கள்தான் உலகத்தில் அதிகம். அப்படி முணுமுணுத்தவர்களை எல்லாம் ஒன்று சேர்த்து, நாடு முழுவதும் உள்ள ஓட்டல்காரர்களைத் திரும்பிப் பார்க்க வைத்த ஒரு மனிதர் இங்கிலாந்தில் இருந்தார். அவர் பெயர் ரேமண்ட் போஸ்ட்கேட்.

அவர் சமையல் கலைஞர் அல்ல. ஓட்டல் நடத்தியவரும் அல்ல. சரித்திர ஆசிரியர், பத்திரிகையாளர், நாவலாசிரியர். எல்லாவற்றுக்கும் மேலாகப் பழுத்த சோஷலிஸ்டு.

1896-ம் ஆண்டு நவம்பர் 6-ந் தேதி கேம்பிரிட்ஜ் நகரில் பிறந்தார். தந்தை லத்தீன் மொழிப் பேராசிரியர், பழமையில் ஊறியவர். மகனோ ஆக்ஸ்போர்டில் படிக்கும்போதே புரட்சிக் கருத்துக்களில் ஈடுபட்டார். 1916-ல், முதல் உலகப்போரின் நடுவே, கட்டாய ராணுவச் சேவைச் சட்டம் வந்தது. போரில் கொல்ல மாட்டேன் என்று சொல்லி, ராணுவத்தில் சேர மறுத்தார் போஸ்ட்கேட். அதற்காகச் சிறைக்குப் போனார். பிறகு ராணுவ டாக்டர்கள் உடல் தகுதி இல்லை என்று கூறிவிட, விடுதலை ஆனார். தம்பி கூண்டில் நிற்பதைக் கண்ட அக்காள் மார்கரெட்டும் அதன் பிறகு சோஷலிஸ்டு ஆகிவிட்டார்!

இரண்டு ஆண்டு கழித்து அவர் செய்துகொண்ட திருமணம், தந்தைக்கும் மகனுக்கும் இருந்த கொஞ்ச நஞ்ச உறவையும் அறுத்தது. மணப்பெண் டெய்சி, தொழிலாளர் தலைவர் ஜார்ஜ் லான்ஸ்பரியின் மகள். பிறந்த வீட்டுக் கதவு ரேமண்டுக்கு மூடப்பட்டது.

இந்த லான்ஸ்பரி, இந்திய விடுதலைக்கு ஆதரவாகக் குரல் கொடுத்தவர். 1931-ல் வட்டமேஜை மகாநாட்டுக்குப் போன காந்தியடிகள், லண்டனில் ஏழைத் தொழிலாளர்கள் நிறைந்த "போ" என்ற பகுதியில்தான் தங்கினார். அது லான்ஸ்பரியின் பாராளுமன்றத் தொகுதியைச் சேர்ந்த இடம்.

மாமனாரின் பத்திரிகைகளில் வேலை செய்தார் மருமகன். பிரிட்டிஷ் கம்யூனிஸ்டு கட்சி 1920-ல் தொடங்கியபோது அதில் சேர்ந்தார்; கட்சி சொன்னதற்கெல்லாம் தலையாட்ட முடியாமல் 1922-ல் விலகினார். அக்காள் கணவர் ஜி.டி.எச். கோலுடன் சேர்ந்து, பிரிட்டனின் சாதாரண மக்களின் சரித்திரத்தை எழுதினார். 1940-ல் வந்த அவருடைய துப்பறியும் நாவல், ஒரு கொலை வழக்கில் ஜூரர்களாக உட்காரும் 12 பேரின் கதை. ஒவ்வொருவரும் தம் வாழ்க்கை அனுபவத்தைச் சுமந்துகொண்டுதான் தீர்ப்புச் சொல்ல வருகிறார்கள் என்பது அதன் கரு. பின்னாளில் அவர் செய்த காரியத்துக்கு இது ஓர் ஒத்திகை என்றே எனக்குத் தோன்றுகிறது.

உணவு வதைத் தடுப்பு!

இரண்டாம் உலகப்போர் முடிந்தும் பிரிட்டனில் ரேஷன் முடியவில்லை. 1954 வரை நீடித்தது. ஓட்டல்களில் முட்டைக்கோஸை நிறம் போகும் வரை வேகவைத்துப் போட்டார்கள். காப்பி என்பது புட்டியில் வந்த சாறு. வெந்நீரில் கலந்தால் காப்பி. (டிகாக்ஷன் இறங்கக் காத்திருக்கும் நம்மவர்கள் நெஞ்சு இதைத் தாங்காது.) கேட்டால், தட்டுப்பாடு என்று பதில் வரும். தட்டுப்பாடு உண்மைதான். ஆனால் இருப்பதைப் பாழாக்குவதற்குத் தட்டுப்பாடு காரணம் அல்ல என்று கருதினார் போஸ்ட்கேட்.

மிருக வதையைத் தடுக்க ஒரு சங்கம் இருப்பதுபோல, உணவை வதைப்பதைத் தடுக்கவும் ஒரு சங்கம் வேண்டும் என்று 1949 வாக்கில் பத்திரிகையில் வேடிக்கையாக எழுதினார். வாசகர்கள் அதை வேடிக்கையாக எடுத்துக் கொள்ளவில்லை. எந்த ஊரில் எந்தக் கடையில் நல்ல சாப்பாடு கிடைக்கும் என்று கடிதங்கள் வந்தன. அவற்றைத் தொகுத்து 1951-ல் "நல்ல உணவு வழிகாட்டி" என்ற புத்தகத்தை வெளியிட்டார்.

அதற்கு அவர் வகுத்த விதிகள் கடுமையானவை. ஓட்டல்காரரிடம் காசு வாங்கக் கூடாது. ஓட்டல் விளம்பரம் கிடையாது. எழுதுகிறவருக்கு அந்தக் கடையுடன் எந்தச் சம்பந்தமும் இருக்கக் கூடாது. சொந்தக் காசில் சாப்பிட்டுவிட்டு எழுத வேண்டும். சிபாரிசு செய்தவர்களின் பெயர்கள் குறிப்பின் கீழே அச்சாகும். ஓசிச் சாப்பாடு சாப்பிட்டுவிட்டு ஓகோ என்று எழுதும் பேனாக்களுக்கு அங்கே இடமில்லை.

புகார்ப் புத்தகம் நம் நாட்டிலும் பல இடங்களில் உண்டு. கேட்டால்தான் அலமாரியிலிருந்து வரும். எழுதியது எங்கே போகிறது என்பது எழுதியவருக்குத் தெரியாது. போஸ்ட்கேட் அந்தப் புத்தகத்தையே அச்சடித்துக் கடையில் விற்றார் என்று சொல்லலாம். இதில்தான் அவருடைய சோஷலிசம் இருந்தது. நல்ல ருசி பிரபுக்களின் சொத்து அல்ல, ஜூரர்களைப்போலச் சாமானியர்களும் தீர்ப்புச் சொல்லலாம் என்று அவர் நம்பினார். அதே ஆண்டில் திராட்சை மது பற்றி அவர் எழுதிய நூலும், அந்த விஷயத்தைச் சுற்றியிருந்த சீமான்களின் பகட்டைக் கலைப்பதற்காக எழுதியதுதான். சோஷலிஸ்டுக்கு நாக்கு ருசி எதற்கு என்று கேட்டவர்களும் உண்டு. அவர் மசியவில்லை.

1960-களின் தொடக்கத்தில் வழிகாட்டி, நுகர்வோர் சங்கத்தின் கைக்குப் போனது. ஆயினும் அந்தப் பத்தாண்டின் கடைசிக் கட்டம் வரை அவரே ஆசிரியராக இருந்தார். 1966-ல் அரசாங்கம் ஓ.பி.இ. பட்டம் அளித்தது, அரை நூற்றாண்டுக்கு முன் அவரைச் சிறையில் வைத்ததும் ஓர் அரசாங்கம்தான். 1971 மார்ச் 29-ந் தேதி, 74-வது வயதில் காலமானார். மகன்களில் ஜான், நுண்ணுயிர் விஞ்ஞானி ஆனார். ஆலிவர், பி.பி.சி. டெலிவிஷனில் குழந்தைகளுக்கான பொம்மைப் படங்கள் எடுத்துப் புகழ் பெற்றார்.

வழிகாட்டி அவருக்குப் பின்னும் பல கை மாறி, சுமார் 70 ஆண்டுகள் புத்தகமாக வந்தது.