காலடி ஓசைக் கலைஞர் ஜாக் போலி

படமாளிகையில் இருந்து சலனப்படம் ஒன்றைப் பார்க்கின்றோம். வீரன் ஒருவன் படியேறி வருகின்றான். அவன் காலடி ஓசை நம் செவியில் விழுகின்றது. அவ்வோசை அவன் காலில் எழுந்ததே என நம்புகின்றோம். பெரும்பாலும் அஃது அவ்வாறன்று. ஒலிப்பதிவறையில் நின்று, திரையை நோக்கியவாறே வேறொருவர் நடந்த நடை அது. இக்கலைக்குத் தம் பெயரையே விட்டுச் சென்றவர் ஜாக் போலி என்னும் அமெரிக்கர். ஒன்றனைப் போல்வதை நம் மொழியும் போலி என்றே கூறும். இப்பொருத்தம் தற்செயலே ஆயினும், தமிழாசிரியராகிய நமக்கு இன்பந் தருவதொன்று.

1891 ஆம் ஆண்டு நியூயோர்க்கிற் பிறந்த போலி, இளமையிற் கலிபோர்ணியா சென்று பிஷப் என்னும் சிற்றூரில் இரும்புச் சாமான் கடையொன்றில் வேலை பார்த்தார். அப்பள்ளத்தாக்கின் நீரை லொஸ் ஏஞ்செல்ஸ் நகர் கொண்டு சென்றமையால் உழவர் நலிவுற்றனர். ஊர் பிழைக்கும் வழி தேடிய போலி, படம் பிடிப்போரை அங்கு வரவழைக்க முயன்றார். இவ்வாறு படத்தொழிலிற் புகுந்தவர், யூனிவேர்சல் நிறுவனத்திற் சேர்ந்தார்.

1927 இல் வார்னர் நிறுவனத்தாரின் பேசும் படம் வெளிவந்ததும், ஊமைப்படங்களுக்கு மதிப்புக் குன்றியது. அப்போது யூனிவேர்சல் நிறுவனத்தார் தயாரித்துக் கொண்டிருந்த ‘ஷோ போட்’ என்னும் படத்திற்கு ஒலி சேர்க்க வேண்டியதாயிற்று. வாத்தியக் குழுவினர் ஒருபுறம் இசைக்க, போலியும் துணைவரும் திரையைப் பார்த்தபடியே கைதட்டல் முதலிய ஓசைகளை உடனுக்குடன் எழுப்பினர். அப்படம் 1929 இல் வெளிவந்தது.

நடப்பவரின் இயல்பறிந்து நடத்தலே இக்கலையின் உயிர். ஒவ்வொரு நடிகரின் நடையையும் போலி கூர்ந்து நோக்கிப் பயின்றார். கைத்தடி ஒன்றைத் துணைகொண்டு, தாம் ஒருவரே பலர் நடக்கும் ஓசையைத் தோற்றுவித்தார். சிரட்டை குதிரைக் குளம்பாகும். சோளமாப் பை பனியில் மிதிக்கும் ஓசை தரும். செலரித் தண்டு முறிந்தால் எலும்பு முறியும். 1960 இல் வெளிவந்த ‘ஸ்பார்ட்டகஸ்’ படத்தில், ஓசை சரியின்மையாற் காட்சியொன்றை மீண்டும் படம் பிடிக்க எண்ணிய வேளையில், போலி திறப்புக் கோவையைக் குலுக்கியே வேண்டிய ஓசையைத் தந்து பெருஞ்செலவைத் தவிர்த்தார் என்பர்.

இத்துணை உழைத்தும், இத்தொழிலுக்காக அவர் பெயரைத் திரையிற் காட்டுவது அக்காலத்து வழக்கமன்று. 1967 இல் அவர் மறைந்தார். இன்றோ, இத்தொழில் செய்வோரின் பெயர்களைத் திரையிற் காட்டுகையில் அவர்தம் தொழிற்பெயராய் நிற்பது அவர் பெயரே.

மாணவர்களே! நம் கல்லூரி நாடகத்தில் திரைக்குப் பின்னால் தகரத்தை அசைத்து இடிமுழக்கம் செய்தவன் யாரென்று நாம் கேட்டதுண்டா? மாலை பெரும்பாலும் மேடையில் நிற்பவனுக்கே விழுகின்றது. அடுத்த முறை அவனையும் அழைத்து மேடையேற்றுவோம். மேடை கிட்டாவிடினும் செய்வன திருந்தச் செய்வோம்.