அச்சுக்கூடத்தில் பிறந்த சிரிப்பு

சிரிக்க வைப்பவன் என்றால் வேலையற்றவன் என்று எண்ணுவோர் உண்டு. உழைத்துக் களைத்தவனுக்குச் சிரிப்பு எதற்கு, சீற்றம் அல்லவா வேண்டும் என்று கேட்போரும் உண்டு. தோழர்களே! அந்த எண்ணம் எத்துணை தவறானது என்பதைத் தம் வாழ்வாலேயே காட்டிச் சென்றவர் ஒருவர் வங்கத்திலே இருந்தார். கவிஞர், ஓவியர், நாடகக்காரர், பாடலாசிரியர், புகைப்படக் கலைஞர், பத்திரிகை ஆசிரியர் – இத்தனையும் அவர் ஒருவரே. இத்தனைக்கும் மேலாக, அச்சுக்கூடத்து மையோடு பழகிய தொழில் வல்லுநர். அவர் பெயர் சுகுமார் ராய்.

1887 அக்டோபர் 30ஆம் நாள் கல்கத்தாவிலே பிறந்தார். தாயைப் பெற்ற பாட்டனார் துவாரகநாத் கங்குலி. யார் அந்தக் கங்குலி? அசாம் தேயிலைத் தோட்டங்களிலே கூலிகள் அடிமைகளாய் வதைபடும் கொடுமையை நேரிலே சென்று கண்டு, ஏட்டிலே எழுதி, நாட்டுக்கு எடுத்துச் சொன்ன நல்லவர்! தந்தையார் உபேந்திர கிஷோர் ராய் சௌத்ரி. ஜமீன் குடும்பத்துக்குத் தத்துப் போனவர்தான். ஆனால் திண்டில் சாய்ந்து காலம் கழித்தாரா? இல்லை. கல்கத்தாவுக்கு வந்து குழந்தைகளுக்குக் கதை எழுதினார், படம் வரைந்தார், அச்சுத் தொழிலில் இறங்கினார்.

அச்சுத் தொழில் அறிந்த தோழர்களுக்கு ஆப்டோன் பிளாக் தெரிந்திருக்கும். புகைப்படத்தைச் சின்னஞ்சிறு புள்ளிகளாக உடைத்துத் தகட்டிலே பதிக்க வேண்டும். கருமைக்குப் பெரும் புள்ளி. வெண்மைக்குச் சிறு புள்ளி. அந்தக் கலையிலே புது வழிகள் கண்டு, இங்கிலாந்தின் அச்சுக்கலை ஏட்டிலேயே கட்டுரை எழுதியவர் உபேந்திர கிஷோர். ஆளப்படுபவன் மூளையற்றவன் என்று நினைத்திருந்தவர்களுக்கு, கல்கத்தாவிலிருந்து சென்ற பதில் அது.

அந்தத் தந்தையின் மகன் மாநிலக் கல்லூரியிலே இயற்பியலும் வேதியியலும் படித்துப் பட்டம் பெற்றார். நண்பர்களைச் சேர்த்து நான்சென்ஸ் கிளப் என்று ஒரு சங்கம் அமைத்தார். அதற்கென்று கையெழுத்துப் பத்திரிகை, அதற்கென்று நாடகங்கள். இராமாயணப் போர்க்களத்தையே கேலி நாடகமாக்கி, காவிய வீரர்களைக் கண்டு ஊரார் சிரிக்கச் செய்தார். 1911இல் பல்கலைக்கழக உதவித்தொகை பெற்றுக் கப்பலேறினார். வக்கீல் படிப்புக்கா? கலெக்டர் பதவிக்கா? அல்ல, அல்ல! லண்டனிலும் மான்செஸ்டரிலும் பிளாக் செய்யவும், கல்லச்சுப் போடவும் கற்றார். தொழிலே பெருமை என்று எண்ணிய உள்ளம் அது.

1913இல் நாடு திரும்பினார். அதே ஆண்டு தந்தையார் சந்தேஷ் என்ற சிறுவர் ஏட்டைத் தொடங்கியிருந்தார். வங்க மொழியிலே சந்தேஷ் என்றால் செய்தி. ஓர் இனிப்புப் பண்டத்துக்கும் அதுவே பெயர். 1915 டிசம்பரில் தந்தையார் மறைந்தார். அச்சுக்கூடமும் ஏடும் மகன் தோளிலே ஏறின. பகலெல்லாம் தொழில், அதற்கிடையிலே கதை, பாட்டு, படம், அறிவியல் கட்டுரை. பிறர் எழுதியதற்கும் அவரே படம் வரைந்தார்.

அந்த ஏட்டிலே பிறந்தவைதான் ஆபோல் தாபோல் பாட்டுகள். உளறல் என்று பொருள்படும் பெயர். வாத்தையும் முள்ளம்பன்றியையும் ஒட்டிப் புது உயிர் படைத்தார். யானையையும் திமிங்கிலத்தையும் ஒன்றாய் இணைத்தார். குழந்தைகள் கைகொட்டிச் சிரித்தன. பெரியவர்களும் சிரித்தனர், சிரித்தபின் சிந்தித்தனர்.

ஒரு பாட்டிலே ஒரு நாடு வருகிறது. அங்கே கால் வழுக்கி விழுந்தால் காவலன் வந்து பிடிப்பான். அபராதம் 21 ரூபாய். மாலை ஆறு மணிக்கு முன்னே தும்ம வேண்டுமானால் டிக்கெட் வாங்க வேண்டும்! ரௌலட் சட்டத்தை 1919இல் கண்ட காலம் அது. தும்மலுக்கு வரி போட்ட நாடு எது என்று வங்கத்து மக்களுக்கு விளக்கவுரையா வேண்டும்? 1922இல் வந்த ஹ-ஜ-ப-ர-ல என்ற கதையிலே ஒரு நீதிமன்றம். நீதிபதி ஆந்தை, கண் மூடியபடியே வழக்குக் கேட்கிறது. குற்றவாளி இல்லையே என்று அகப்பட்ட ஒருவனைப் பிடித்துக் கூண்டிலே நிறுத்துகிறார்கள். வாதமும் தீர்ப்பும் தலைகீழ். கோர்ட்டுப் படி ஏறி இறங்கிய ஏழை எவனும் அதைப் படித்து, வெறும் கற்பனை என்று சொல்லமாட்டான்.

வலியவனை எதிர்த்து முழங்கினால் வாயை அடைக்கலாம். அவனைப் பார்த்து ஊரே சிரித்துவிட்டால் எந்தச் சிறையிலே அடைப்பது? அந்த நுட்பம் அறிந்தவர் சுகுமார் ராய்.

ஆனால் காலம் அவரிடம் கருணை காட்டவில்லை. 1921இல் காலா அசார் காய்ச்சல் பற்றியது. மணல் ஈ கடித்துப் பரவும் கொடுநோய். வங்கத்திலும் அசாமிலும் ஏழை எளியவரைக் கூட்டம் கூட்டமாய்க் கொன்ற நோய். அதே கல்கத்தாவில் உபேந்திரநாத் பிரம்மச்சாரி என்ற மருத்துவர் அதற்கு மருந்து கண்டார். அம்மருந்து பின்னாளில் எண்ணற்ற உயிர்களைக் காத்தது. இவரைக் காக்க வந்து சேரவில்லை. படுக்கையில் கிடந்தபடியே எழுதினார், வரைந்தார், தம் பாட்டு நூலுக்கு அட்டைப்படமும் அமைத்தார். கவி தாகூர் வந்து படுக்கையருகே அமர்ந்து பாடினார்.

1923 செப்டம்பர் 10ஆம் நாள் சுகுமார் ராய் கண் மூடினார். வயது 36 நிறையவில்லை. ஒன்பது நாள் கழித்து ஆபோல் தாபோல் நூலாக வெளிவந்தது. ஊரையெல்லாம் சிரிக்க வைத்த அந்த நூலை, அதன் ஆசிரியர் முழு உருவிலே பார்க்கவில்லை!

சில ஆண்டுகளில் அச்சுக்கூடமும் கைவிட்டுப் போயிற்று. தந்தை இறந்தபோது இரண்டு வயதுக் குழந்தையாயிருந்த மகன் சத்யஜித் ராய், 1955இல் பதேர் பாஞ்சாலி படத்தைத் தந்து உலகின் கண்ணை வங்கத்தின்பால் திருப்பினார். 1961இல் சந்தேஷ் ஏட்டை மீண்டும் எழுப்பினார். 1987இல் தந்தையின் வாழ்வைப் படமாக்கினார்.

தோழர்களே! அச்சுக்கூடம் கைமாறியது, எழுதிய கை ஓய்ந்தது. ஆனால் அந்தச் சிரிப்பு ஓயவில்லை. நூறாண்டு கடந்தும் வங்கத்துக் குழந்தைகள் அந்தப் பாட்டுகளைச் சொல்கின்றன. உழைப்பும் அறிவும் சேர்ந்து பெற்ற சிரிப்பு அது, அதற்கு அழிவில்லை.