நடிகை சுலோசனா அம்மையார்

பேசாப்படக் காலத்தில் பாரத நாடெங்கும் பெயர்பெற்று விளங்கிய சுலோசனா அம்மையாரின் வரலாற்றை ஈண்டுச் சுருங்கக் கூறுவோம்.

அம்மையாரின் இயற்பெயர் ரூபி மையர்ஸ். பக்தாத் வழிவந்த யூத மரபில் 1907-ஆம் ஆண்டில் பூனாவிற் பிறந்தார். தொலைபேசி நிலையத்தில் பணிபுரிந்த அவரைக் கோகினூர் கம்பெனியின் மோகன் பவ்நானி நடிக்க அழைத்தார். முதலில் மறுத்துப் பின்னர் இசைந்த அம்மையார், 1925-இல் ‘வீர பாலா’ என்னும் படத்தில் தோன்றினார்.

அவருக்கு இந்துஸ்தானி நன்கு பேச வாராது. அந்நாளில் அஃதொரு குறையாகவே தோன்றவில்லை. ஊமைப்படத்திற்கு மொழி ஏது? நம் மாத்தூருக்குத் தெற்கே, தங்கசாலைத் தெருவில் ரகுபதி வெங்கையா நடத்திய கிரௌன் கொட்டகை போன்ற இடங்களில், பற்பல மொழியினரும் ஒரே படத்தை ஒருங்கிருந்து கண்டு களித்த காலம் அது.

1928-இல் இம்பீரியல் கம்பெனியார் ‘அனார்கலி’யை வெளியிட்டனர். மொகலாய இளவரசன் சலீம் அரண்மனை நங்கை ஒருத்தியை மறைவிற் காதலிக்கின்றான். தந்தை அக்பர் அஃதறிந்து வெகுண்டு, அவளை உயிரோடு சுவரில் வைத்துக் கட்டுவிக்கின்றார். இதற்குத் தக்க சரித்திரச் சான்று இல்லை. எனினும், இம்தியாஸ் அலி தாஜ் 1922-இல் எழுதிய உருது நாடகத்தால் இக்கதை பெரிதும் பரவியது. அதே 1928-இல் வேறொரு கம்பெனியும் இதனைப் படமாக்கிற்று. இம்பீரியல் படத்தில் அனார்கலியாக நடித்தவர் நம் அம்மையாரே. தந்தையின் ஆணைக்கும் மைந்தனின் காதலுக்கும் இடையே அகப்பட்ட பேதையின் துயரைக் கண்களாலேயே உணர்த்த வேண்டிய வேடம் அது.

1931-இல் ‘ஆலம் ஆரா’ வெளிவந்து, படங்கள் பேசத் தொடங்கின. புகழின் உச்சியில் நின்ற அம்மையாரின் தொழிலே ஆட்டங்கண்டது. அவர் மனந்தளராது, மாணவியைப் போல் அமர்ந்து மொழி பயின்றார். 1932-இல் ‘மாதுரி’ படத்தின் வாயிலாக மீண்டார். 1935-இல் அதே அனார்கலியாகத் திரையில் வாய்திறந்து பேசினார்.

காலம் செல்லச் செல்ல, தலைமை வேடங்கள் இளையோரிடம் சென்றன. 1953-இல் அக்கதை மீண்டும் படமானபோது, பீனா ராய் அனார்கலியானார். சுலோசனா அம்மையாரோ சலீமின் தாயாக நடித்தார். ஒருகாலத்தில் அரசனின் சினத்திற்கு இரையாகும் காதலியாக நின்றவர், இப்போது கணவனின் கடுமைக்கும் மகனின் துயருக்கும் நடுவே நின்றார். இவ்வேடத்தைச் சிறுமையென்று அவர் தள்ளவில்லை.

1973-ஆம் ஆண்டிற்குரிய தாதாசாகிப் பால்கே விருது அவருக்கு வழங்கப்பெற்றது. 1983-இல் பம்பாயில் காலமானார்.

புகழ் வந்தபின் கல்வி எதற்கு என்று எண்ணுவார் பலர். புகழ் வந்தபின்பே எழுத்துக்கூட்டிப் படிக்கத் துணிந்த இவ்வம்மையாரை, கற்கும் பருவத்து நாம் மறத்தல் தகாது.