வடிவியல் வழியில் வாழ்வை ஆய்ந்தவர்

வடிவியல் கோடுகளையும் கோணங்களையும் அளக்கும் கலை மட்டுமன்று. உண்மையை ஐயமற நிறுவும் நெறியும் ஆகும் என 17ஆம் நூற்றாண்டு ஐரோப்பிய அறிஞர் பலர் கருதினர். அந்நெறியை மெய்யியலில் முழுமையாகக் கையாண்டவர் ஸ்பினோசா.

இவர் 1632ஆம் ஆண்டு ஆம்ஸ்டர்டாம் நகரில், போர்ச்சுகலிலிருந்து குடிபெயர்ந்த யூத வணிகக் குடும்பத்தில் பிறந்தார். மரபுக்கு மாறான கருத்துகளைக் கொண்டவர் என்று குற்றஞ்சாட்டப்பட்டு, தம் 23ஆம் அகவையில் யூதச் சமூகத்திலிருந்து விலக்கப்பட்டார். கண்ணாடி வில்லைகளைத் தேய்த்து மெருகேற்றும் தொழிலை மேற்கொண்டு எளிமையாக வாழ்ந்தார். டெகார்ட்டின் மெய்யியலை வடிவியல் முறையில் விளக்கும் நூலை 1663இல் வெளியிட்டார்.

ஸ்பினோசாவின் தலைசிறந்த படைப்பு, இலத்தீன் மொழியில் ஐந்து பகுதிகளாக அமைந்த 'அறவியல்' ஆகும். யூக்ளிடின் வடிவியல் நூலைப் போன்றே, அதில் வரையறைகளும் வெளிப்படை உண்மைகளும் முன்னிற்க, தேற்றங்களும் நிறுவல்களும் தொடர்கின்றன. சினம், பொறாமை முதலிய உணர்ச்சிகளைப் பழிக்காமல், முக்கோணத்தின் பண்புகளை ஆராய்வதுபோல அவற்றின் காரணங்களை நடுநிலையோடு அவர் ஆராய்ந்தார். உணர்ச்சியின் காரணத்தைத் தெளிவாக அறிந்தவர் அதன் பிடியிலிருந்து விடுபடலாம் என்பது அவர் துணிபு.

1673இல் ஹைடல்பர்க் பல்கலைக்கழகப் பேராசிரியர் பதவி அவரைத் தேடி வந்தது. நிலைபெற்ற சமயத்திற்கு ஊறு செய்யலாகாது என்னும் வரம்பு அதனுடன் இணைந்திருந்தமையால், அப்பதவியை ஏற்க மறுத்தார். எதிர்ப்பு வலுத்ததால், 1675இல் 'அறவியல்' நூலை அச்சேற்றாமல் நிறுத்திவைத்தார்.

1677இல், 44ஆம் அகவையில் ஸ்பினோசா மறைந்தார். அவ்வாண்டே நண்பர்கள் அந்நூலை வெளியிட்டனர். அதில் ஆசிரியர் பெயரின் முதலெழுத்துகள் மட்டுமே பொறிக்கப்பட்டன. தேற்றத்தின் உண்மை, அதனை உரைத்தவரின் பெயரைச் சார்ந்து நிற்பதில்லை அன்றோ!